பத்து சென்ட் ஹூலா: பழைய பாட்டுக் குறும்படங்களில் தீவு நடனத்தை எப்படிப் பார்ப்பது

கேள்வி இது: 1930, 40களில் அமெரிக்காவில் எடுத்த கறுப்பு வெள்ளைப் பாட்டுக் குறும்படங்களில் திரும்பத் திரும்ப ஒரு தென்னை மரம், ஒரு ஓலைக் குடிசை, புல் பாவாடை கட்டிய நாலைந்து பெண்கள் வருகிறார்கள். அவர்கள் ஆடுவது நிஜமான தீவு நடனமா, ஸ்டுடியோவில் யாரோ கற்பனையாகச் சொல்லிக்கொடுத்ததா? எதற்காக இத்தனை படங்களில் அதே காட்சி?

இரண்டும்தான். பல நேரம் ஒரே படத்துக்குள்ளேயே இரண்டும் இருக்கும். தென்னை அட்டையில் வெட்டியது, நிலா ஒரு விளக்கு, பாவாடை செலோஃபேன் தாள். அந்த வரிசையில் ஓரமாக நிற்கும் பெண்ணின் கைகளோ ஹவாய் அரசவையிலிருந்து இறங்கி வந்த பாடத்தைப் பிசகாமல் சொல்லிக்கொண்டிருக்கும். நான் பரதம் கற்றுக்கொடுப்பவள். பல ஆண்டுகளுக்கு முன் இந்தப் படங்களில் ஒன்றைத் தற்செயலாகப் பார்த்தபோது, அந்தக் கைகளைக் கண்டு நாற்காலியை விட்டு எழுந்து திரைக்குப் பக்கத்தில் போய் நின்றேன். அன்று பிடித்த பித்து இன்னும் விடவில்லை. அதனால் பதில் கொஞ்சம் நீளமாகவே வரும்.

இந்தப் படங்கள் எங்கே ஓடின என்பதிலிருந்து தொடங்குகிறேன். நடனத்தின் வடிவத்தைத் தீர்மானித்ததே அந்த இடம்தான். சிகாகோவில் மில்ஸ் நாவல்டி கம்பெனி என்று ஒன்று இருந்தது. காசு போட்டால் ஓடும் சூதாட்டப் பெட்டிகளும் பாட்டுப் பெட்டிகளும் செய்துவந்த நிறுவனம். 1940இல் அவர்கள் பனோரம் என்ற இயந்திரத்தைக் கொண்டுவந்தார்கள். ஆள் உயர மரப் பெட்டி, மேலே ஒரு சிறிய திரை, உள்ளே 16 மில்லிமீட்டர் படக்கருவி. பத்து சென்ட் நாணயம் போட்டால் ஒரு பாட்டு ஓடும், சுமார் மூன்று நிமிடம். ஒரு சுருளில் எட்டுப் பாட்டுகள் ஒன்றன்பின் ஒன்றாக ஒட்டியிருக்கும். பிடித்ததைத் தேர்ந்தெடுக்க வழி கிடையாது. வரிசையில் அடுத்து எது நிற்கிறதோ அதைத்தான் பார்க்க வேண்டும். இந்த மூன்று நிமிடப் படங்களுக்குச் சவுண்டீஸ் என்று பெயர். அன்றைய அமெரிக்க ஜனாதிபதி ரூஸ்வெல்ட்டின் மகன் ஜேம்ஸ் ரூஸ்வெல்ட் இந்தத் தொழிலில் பங்குதாரராக இருந்தார். 1940க்கும் 1947க்கும் இடையில் 1,800க்கும் மேற்பட்ட சவுண்டீஸ் வந்தன. டியூக் எலிங்டன், ஃபேட்ஸ் வாலர், நாட் கிங் கோல் எல்லாரும் இதில் உண்டு.

பெட்டி நின்றது மதுக்கடையில், ஹோட்டல் முகப்பில், பேருந்து நிலையத்தில். கையில் கோப்பையோடு பேசிக்கொண்டு நிற்பவனைப் பத்து விநாடிக்குள் திரும்பிப் பார்க்க வைக்க வேண்டும். ஹவாய்த் தீவுகளின் நடனமான ஹூலாவில் பாட்டின் சொல்லைக் கை சொல்லும். அந்தச் சொல் ஹவாய் மொழியில் இருந்தால் மதுக்கடையில் நிற்பவனுக்கு எதுவும் புரியாது. இடுப்பு அசைவதைப் பார்க்க மொழி தேவையில்லை. இந்த ஒரு கணக்கிலிருந்துதான் நீங்கள் பார்த்த காட்சி பிறந்தது. காமிரா இடுப்பருகே போகிறது, கைகள் சட்டகத்துக்கு வெளியே வெட்டுப்படுகின்றன. பாட்டில் மிக முக்கியமான சொல் வரும் இடத்தில் கை என்ன சொல்லிற்று என்றே தெரியாமல் போன படங்களை நான் பார்த்திருக்கிறேன். அபிநயம் நடக்கும்போது முகத்தையும் கையையும் விட்டுவிட்டு ஒட்டியாணத்தைப் படம் எடுத்தால் நமக்கு எப்படி இருக்கும்?

ஒலியைப் பற்றி ஒரு விஷயம் தெரிந்துகொள்ளுங்கள். பாட்டை முன்கூட்டியே பதிவு செய்துவிட்டு, படப்பிடிப்பின்போது அதை ஓடவிட்டு வாயசைப்பார்கள், வாசிப்பதுபோல் விரலசைப்பார்கள். யூகலேலி என்ற சிறிய நாலுகம்பி வாத்தியத்தை வாசிப்பவரின் கை தாளத்தோடு ஒட்டாமல் போனால் அவருக்கு வாசிக்கத் தெரியாது என்று முடிவு கட்டிவிடாதீர்கள்.

இன்னொன்று, பலரைக் குழப்பியது. பனோரம் பெட்டிக்குள் படம் கண்ணாடிகளில் பட்டுத் திரும்பித் திரைக்கு வரும். அதனால் படச்சுருளையே இடம் வலமாக மாற்றி அச்சிட்டிருந்தார்கள். பின்னாளில் அந்தச் சுருள்களைச் சாதாரணக் கருவியில் ஓட்டிப் பிரதி எடுத்தவர்கள் சிலர் இதைக் கவனிக்கவில்லை. அப்படிப் பிரதியெடுத்த படத்தில் எழுத்துகள் இடம் வலம் மாறித் தெரியும், கிட்டார்க்காரர்கள் எல்லாரும் இடக்கைக்காரர்களாக இருப்பார்கள். நடனம் பார்ப்பவர்களுக்கு இது சின்ன விஷயம் இல்லை. எந்தப் பக்கம் முதல் அடி வைக்கிறார்கள் என்று குறித்துக்கொண்டு உட்கார்ந்தால் எல்லாமே தப்பாகிவிடும். நான் முதலில் கிட்டாரைப் பார்த்துவிட்டுத்தான் காலைப் பார்ப்பேன்.

இனி ஹூலா. ஹூலா என்பது பாட்டுக்கு உடம்பால் உரை எழுதுவது. 'மெலே' என்பது அவர்கள் மொழியில் பாட்டு, கவிதை. மெலே இல்லாமல் ஹூலா இல்லை. மழை, காற்று, அலை, மலை, மலர், நெஞ்சு என்று சொல்லுக்குச் சொல் கை அசைகிறது. கண் அந்தக் கையின் பின்னாலேயே போகிறது. 'கை போகும் வழி கண் போகட்டும்' என்று நாம் முதல் வகுப்பில் கேட்கும் அதே பாடம் பசிபிக் நடுவிலும் இருப்பதைக் கண்டு எனக்கு மெய்சிலிர்த்தது. இங்கிருந்து அங்கே போனது என்று நான் சொல்ல வரவில்லை. அப்படிச் சொல்ல எந்த ஆதாரமும் இல்லை. சொல்லைக் கையில் ஏந்தி ஆடும் எந்த மரபும் தானாகவே கண்ணைக் கைக்குப் பின்னால் அனுப்பிவிடும் போலிருக்கிறது.

அந்தப் பாட்டுகளுக்குள் கவோனா என்று ஒன்று உண்டு. மறைபொருள். மலரைப் பற்றிப் பாடினால் அது காதலியாக இருக்கும். மலை மேல் பெய்யும் மெல்லிய மழை ஒரு சேர்க்கையைக் குறிக்கும். சங்க அகப்பாட்டில் தும்பி பூவை ஊதுவதைச் சொல்லித் தலைவன் செய்ததைச் சொல்லும் உள்ளுறை உவமத்தை நினைத்துக்கொள்ளுங்கள், உடனே பிடிபடும். அதனால் நல்ல ஹூலாவைப் பார்ப்பவர் இரண்டு கதைகளை ஒரே நேரத்தில் பார்க்கிறார்.

கிறித்தவ மதபோதகர்கள் தீவுக்கு வந்தபின் இந்த நடனம் ஒழுக்கக்கேடு என்று தூற்றப்பட்டது. மதம் மாறிய அரசி காஹுமானு 1830இல் பொது இடங்களில் ஹூலாவைத் தடை செய்தார். கிராமங்களில் ஆசிரியர்கள் மறைவாகக் கற்றுக்கொடுத்துக் காப்பாற்றினார்கள். அரை நூற்றாண்டு கழித்து அரசர் டேவிட் கலாகவுவா தன் முடிசூட்டு விழாவிலும் (1883), ஐம்பதாம் பிறந்தநாள் கொண்டாட்டத்திலும் (1886) அரண்மனை வளாகத்திலேயே ஹூலாவை ஆடவைத்தார். பழைய ஓதல், சுரைக்குடுக்கை மத்தளம், சுறாத்தோல் முரசு இவற்றோடு புதிதாக வந்த கிட்டாரும் யூகலேலியும் சேர்ந்துகொண்டன. சதிர் பட்ட பாட்டையும், பரதம் என்று பெயர் மாற்றிக்கொண்டு மேடை ஏறியதையும் அறிந்த நமக்கு இந்தக் கதை புதிதாகத் தோன்றாது. 1893இல் அமெரிக்க வணிகர்கள் அரசி லிலியுவோகலானியின் ஆட்சியைக் கவிழ்த்தார்கள். 1898இல் தீவுகள் அமெரிக்காவோடு சேர்க்கப்பட்டன. நாட்டை இழந்த அந்த மக்களின் நடனம்தான் சில பத்தாண்டுகளில் மதுக்கடைப் பெட்டியில் பத்து சென்ட்டுக்கு ஓடியது. இதை மனதில் வைத்துக்கொண்டு அந்தப் படங்களைப் பார்த்தால் நெஞ்சு கொஞ்சம் கனக்கும்.

ஆட்சி கவிழ்ந்த அதே 1893இல் சிகாகோ உலகக் கண்காட்சிக்கு ஹூலா குழு ஒன்று போனது. அதில் ஆடிய கினி கப்பாஹு என்ற இளம்பெண் கலாகவுவாவின் அரசவையில் ஆடியவர். பனோரம் பெட்டி பிறந்த ஊரும் சிகாகோதான். ஒரே ஊரில், 47 ஆண்டு இடைவெளியில், அரசவை நர்த்தகியின் கால் பட்ட கண்காட்சி மேடையும் காசு போட்டால் ஆடும் பெட்டியும்.

கண்காட்சிக்குப் பிறகு தீவு மோகம் வேகமாகப் பரவிற்று. 1912இல் ஹவாய்ப் பின்னணியில் ஒரு நாடகம் நியூயார்க்கின் பிராட்வே நாடக அரங்கில் வெற்றி பெற்றது. 1915இல் சான் பிரான்சிஸ்கோ கண்காட்சியின் ஹவாய் அரங்கில் யூகலேலியைக் கேட்டவர்கள் வீட்டுக்கு வீடு அதை வாங்கினார்கள். 1926 ஆகஸ்ட் 6ஆம் தேதி வார்னர் பிரதர்ஸ் தங்கள் வைட்டாஃபோன் ஒலிப்படங்களை முதல்முறை பொதுமக்களுக்குக் காட்டிய இரவில், ராய் ஸ்மெக் என்ற கலைஞர் மடியில் ஹவாய் கிட்டாரை வைத்துக்கொண்டு வாசிக்கும் குறும்படமும் நிகழ்ச்சியில் இருந்தது. பேசும்படம் பேசத் தொடங்கிய அன்றே ஹவாய் கிட்டாரும் ஒலித்தது என்று சொல்லலாம். அந்த வழுக்கு கிட்டார், ஜோசப் கெகுகு என்ற ஹவாய்ப் பையன் 19ஆம் நூற்றாண்டின் கடைசியில் கம்பியின் மேல் இரும்புத் துண்டை வழுக்கவிட்டுக் கண்டுபிடித்தது. நம் பக்கமும் அது வந்து சேர்ந்தது. சமோவாவில் பிறந்து ஹவாயில் வளர்ந்த டாவ் மோ என்ற கலைஞர் குடும்பத்தோடு 1940களில் கல்கத்தாவில் தங்கி வாசித்தார். இந்தியத் திரையிசையில் பின்னால் குழைந்து குழைந்து கேட்ட அந்த நாதத்தின் வழிகளில் அதுவும் ஒன்று.

புல் பாவாடையைப் பற்றி நிறையப் பேர் கேட்பார்கள். அது ஹவாயுடையதே இல்லை. ஹவாய்க்காரர்கள் மரப்பட்டையை அடித்துச் செய்த கப்பா துணியை இடுப்பில் சுற்றிக்கொண்டு ஆடினார்கள். பின்னாளில் 'டி' என்ற செடியின் பச்சை இலையில் பாவாடை செய்தார்கள். உலர்ந்த நாரால் செய்த பாவாடை 19ஆம் நூற்றாண்டின் பிற்பகுதியில் கில்பர்ட் தீவுகளிலிருந்து, இன்றைய கிரிபாட்டியிலிருந்து, தோட்டக் கூலிகளாகக் கொண்டுவரப்பட்டவர்களோடு வந்தது. கூலிக்கு வந்தவர்களின் உடை சுற்றுலாப் பயணிகள் கண்ணுக்கு 'ஹவாய்' ஆகிவிட்டது. சினிமாவில் அதுவும் போதவில்லை. விளக்கு வெளிச்சத்தில் மின்ன வேண்டும் என்று செலோஃபேன் தாளைக் கீற்றுக் கீற்றாக வெட்டிக் கட்டினார்கள். கறுப்பு வெள்ளையில் அது தண்ணீர் வழிவதுபோல் தெரியும். அழகுதான், பொய் சொல்ல மாட்டேன்.

சரி, நிஜமாகக் கற்றவரை எப்படிக் கண்டுபிடிப்பது? முதலில் முழங்காலைப் பாருங்கள். ஹூலா ஆடுபவர் முழங்காலை மடக்கித் தாழ்ந்து நிற்பார். முழங்கால்களை இரு பக்கமும் விரித்து மடக்கி நிற்கும் நம் பரதத்து அரைமண்டி அளவுக்குத் திறந்திராது, எடை மட்டும் அதேபோல் பூமியை நோக்கி இறங்கியிருக்கும். அந்த மடங்கிய முழங்காலும் பாதமும் மாறி மாறி எடை வாங்குவதால்தான் இடுப்பு அசைகிறது. இடுப்பு தனியாக ஆடாது. நியூயார்க் மேடைகளில் வரிசையாக ஆடும் கோரஸ் பெண்களுக்கு இரண்டு வாரம் சொல்லிக்கொடுத்து நிறுத்தினால் முழங்கால் நேராக இருக்கும், இடுப்பு மட்டும் வேலை செய்யும், தோளும் கூடச் சேர்ந்து குலுங்கும். தோள் குலுங்கினால் எனக்குச் சந்தேகம் வந்துவிடும். ஹூலாவில் மேல் உடம்பு அமைதியாக இருக்கும், கலங்கிய நீருக்கு மேல் மிதக்கும் தாமரை இலைபோல. பாதம் தட்டையாகத் தரையில் படியும். நுனிக்காலில் எழும்பினால், விரல்களை நீட்டிக் கூர்மையாக்கினால், அந்தக் கால் பாலே வகுப்பில் வளர்ந்தது.

அடுத்து, ஒரு அடியை ஒரு பக்கம் ஆடினால் மறுபக்கமும் ஆடுகிறார்களா என்று பார்க்க வேண்டும். ஹூலாப் பாட்டில் சரணத்தைப் பெரும்பாலும் இரண்டு முறை பாடுவார்கள், இரு பக்கமும் ஆடுவதற்காக. சரணங்களுக்கு நடுவே ஓர் இடைவாசிப்பு வரும். அப்போது காஹோலோ என்ற எளிய பக்கவாட்டு நடையில் போய்த் திரும்பி வருவார்கள். மூன்று நிமிடத்தில் முடிக்க வேண்டிய அவசரத்தில் இயக்குநர் இந்த இரண்டாம் முறையை வெட்டிவிடுவார். ஆனாலும் பழகிய உடம்பு மறுபக்கத்துக்குத் தயாராகும். வெட்டுக்கு ஒரு கணம் முன்னால் எடை மாறுவதைப் பார்க்கலாம். அந்தக் கணத்தைப் பிடிப்பதில் எனக்கு ஒரு தனி மகிழ்ச்சி.

கடைசியாகக் கை. கற்காதவர்களின் கை 'அலை அலையாக' எப்போதும் ஒரே மாதிரி ஓடிக்கொண்டிருக்கும். எந்தச் சொல்லுக்கும் நிற்காது. கற்றவர்களின் கை சொல்லின் முடிவில் ஒரு நொடி தங்கும்.

அப்படித் தங்கிய கைகளுக்குச் சொந்தக்காரர்கள் எங்கிருந்து நியூயார்க்குக்கு வந்தார்கள்? 1937 ஜூனில் நியூயார்க்கின் லெக்சிங்டன் ஹோட்டலில் 'ஹவாய் அறை' என்ற இரவு விருந்து அரங்கு திறந்தது. 1966 வரை நடந்தது. ஆண்டி அயோனா, ரே கின்னி, லானி மெக்கின்டயர் ஆகியோரின் குழுக்கள் அங்கே வாசித்தன. ஆட்டக்காரிகளைத் தீவிலிருந்தே தேர்ந்தெடுத்து வரவழைத்தார்கள். ரே கின்னியின் குழுவில் ஆடிய நால்வருக்கு 'அலோஹா மெய்ட்ஸ்' என்று பெயர்: புவாலானி மோஸ்மன், மபுவானா மோஸ்மன், மேமோ ஹோல்ட், ஜென்னி நபுவா உட். அமெரிக்காவின் கிழக்குக் கரையில் முறையாகக் கற்ற ஹவாய் ஆட்டக்காரிகளும் வாத்தியக்காரர்களும் ஒரே கூரையின் கீழ் இருந்த இடம் அது. சவுண்டீஸ் படங்களில் பெரும்பங்கு எடுக்கப்பட்டதும் நியூயார்க்கில்தான். தீவுப் பாட்டு வேண்டும் என்றால் கப்பலுக்குக் காத்திருக்கத் தேவையில்லை, நாலு தெரு தள்ளிச் சொல்லி அனுப்பினால் போதும்.

புவாலானி மோஸ்மனின் கதையை மட்டும் கொஞ்சம் சொல்கிறேன். அவர் தந்தை ஜார்ஜ் மோஸ்மன் 1930களில் ஹவாயின் வைக்கீக்கி கடற்கரையில் லாலானி ஹவாய் கிராமம் என்ற ஒன்றை நடத்தினார். பயணிகளுக்கான காட்சிக் கிராமம்தான், விருந்தும் நடனமும் காசுக்குத்தான். ஆனால் அந்தக் கிராமத்தில் குலுவாய்மாகா என்ற முதியவர் வாழ்ந்தார். கலாகவுவா அரசவையில் ஓதுவாராக இருந்தவர். அவர் குரலை 1930களில் பிஷப் அருங்காட்சியகம் பதிவு செய்தது. அவர் ஓத, அந்த வீட்டுப் பெண்கள் ஆடிப் பழகினார்கள். சுற்றுலாவுக்காகக் கட்டிய வேலிக்குள் ஓர் அரசவையின் கடைசிக் குரல் இருந்தது. அங்கே வளர்ந்த பெண்தான் பின்னர் கப்பல் கம்பெனி விளம்பரங்களில் முகமாகி, நியூயார்க் ஹோட்டலில் இரவுதோறும் ஆடினார். 'நிஜமா, போலியா' என்று ஒரே சொல்லில் கேட்டால் நான் தடுமாறுவது இதனால்தான். மேடை போலி. அதில் நின்றவரின் பயிற்சியை யாரும் போலி என்று சொல்ல முடியாது.

பாட்டுகளையும் கவனிக்க வேண்டும். இந்தப் படங்களில் அதிகம் வருவது ஹபா ஹவோலே பாட்டுகள். பாதி வெள்ளையர் பாட்டு என்று பொருள். ஹவாய் மெட்டு அல்லது அதன் சாயல், வரிகள் ஆங்கிலத்தில், இடையிடையே நாலு ஹவாய்ச் சொற்கள். ஹாரி ஓவன்ஸ் தன் குழந்தைக்காக எழுதிய 'ஸ்வீட் லைலானி' 1937ஆம் ஆண்டின் சிறந்த பாட்டுக்கான ஆஸ்காரைப் பெற்றபின் இந்த வகைக்குப் பெரிய சந்தை உருவாயிற்று. கடற்கரை, நிலவு, குடிசை, காத்திருக்கும் பெண் என்று வரிகள் நேரடியாகச் சொல்லிவிடுவதால் கைக்கும் வேலை எளிதாகிவிட்டது. நிலவு என்றால் கை வட்டம், அலை என்றால் கை நெளிவு. கவோனாவுக்கு இடமே இல்லை. நடனத்தின் உண்மையான நட்டம் இங்கேதான் நடந்தது என்பது என் எண்ணம். செலோஃபேன் பாவாடையைக் கழற்றி எறிந்துவிடலாம். மறைபொருளைச் சொல்லப் பழகிய கை, சொன்னதையே சொல்லும் கையாக மாறிவிட்டால் திருத்துவது கடினம்.

சிரிப்பு ஹூலா என்றும் ஒரு பிரிவு உண்டு. ஹிலோ ஹாட்டி என்று பெயர் பெற்ற கிளாரிசா ஹைலி பள்ளிக்கூட ஆசிரியையாக இருந்தவர். பெரிய தொப்பியும் தளர்ந்த கவுனும் போட்டுக்கொண்டு நளினத்தைத் தலைகீழாக்கி ஆடுவார். அரங்கம் சிரித்து உருளும். அவர் கையை மட்டும் பாருங்கள், தாளம் நூலளவும் பிசகாது.

எனக்கு மிகப் பிடித்த தீவு நடனக் குறும்படம் ஒரு கார்ட்டூன் என்றால் நம்புவீர்களா? ஃப்ளைஷர் ஸ்டுடியோ 1932இல் வெளியிட்ட, பெட்டி பூப் என்ற கார்ட்டூன் பெண் வரும் படம் ஒன்று, மூங்கில் தீவு என்று பொருள்படும் தலைப்பில். தொடக்கத்தில் 'ராயல் சமோவன்ஸ்' என்ற குழு நிஜமாகவே காமிரா முன் வாசிக்கிறது, மிரி என்ற பெண் ஆடுகிறார். பிறகு கார்ட்டூன் தொடங்குகிறது. பெட்டி பூப் புல் பாவாடையும் மலர்மாலையும் மட்டும் அணிந்து ஆடுகிறாள். அந்த ஆட்டத்தைப் பார்த்தவர்கள் அயர்ந்துபோவார்கள். அதுவரை ரப்பர் பொம்மைபோல் துள்ளிக்கொண்டிருந்த உருவத்துக்குத் திடீரென்று எடை வந்துவிடுகிறது, முழங்கால் மடங்குகிறது, கை நின்று பேசுகிறது. காரணம், மேக்ஸ் ஃப்ளைஷர் 1915இல் காப்புரிமைக்கு விண்ணப்பித்த ரோட்டோஸ்கோப் என்ற முறை. நிஜ ஆளைப் படம் பிடித்து, சட்டகம் சட்டகமாகக் கண்ணாடி மேல் விழச்செய்து, அதன் மேலேயே வரைவது. மிரி ஆடியதைத்தான் பெட்டி பூப்பாக வரைந்தார்கள். அடுத்த ஆண்டு பாப்பாய் என்ற கார்ட்டூன் மாலுமி முதன்முதலில் திரைக்கு வந்த படத்திலும் அதே ஆட்டத்தை மறுபடி எடுத்துப் பயன்படுத்தினார்கள். பெட்டி பூப் மேடையில் ஆட, பாப்பாய் தாவி ஏறிக் கூட ஆடுவான்.

மூங்கில் தீவுப் படத்தின் மற்ற பகுதிகளில் தீவு மக்களைக் காட்டுமிராண்டிகளாக வரைந்திருப்பது இன்று பார்க்க வேதனையாக இருக்கிறது. குழந்தைகளுக்குக் காட்டும்போது நான் நிறுத்தி விளக்குவேன். ஆனாலும் நிஜ ஆட்களைக் கொண்டு எடுத்த எத்தனையோ படங்கள் வெட்டி எறிந்த கைகளை இந்தக் கார்ட்டூன் முழுதாகக் காப்பாற்றி வைத்திருக்கிறது. ஓவியன் வரையும்போது கையை விட்டுவிட முடியாது அல்லவா, ஒவ்வொரு சட்டகத்திலும் அதையும் வரைந்தாக வேண்டும். 1934 நடுவில் தணிக்கை விதிகள் இறுகியபின் பெட்டி பூப்பின் உடையே நீண்டுவிட்டது. இப்படியொரு ஆட்டம் பிறகு அவளுக்குக் கிடைக்கவில்லை.

குழுவின் பெயர் சமோவா, ஆட்டத்தின் பெயர் ஹூலா. இந்தக் கலப்படம் எல்லாப் படங்களிலும் உண்டு. ஹவாயும் தஹிதியும் சமோவாவும் ஒன்றுக்கொன்று ஆயிரக்கணக்கான கிலோமீட்டர் தள்ளி இருக்கும் தனித்தனி நாகரிகங்கள். மரத்தைக் குடைந்து செய்த முரசின் படபடப்பான அடிக்கு இடுப்பு மின்னல் வேகத்தில் அசைந்தால் அது தஹிதியின் ஓதேயா. அதில் பாட்டு இருக்காது, அடி மட்டும்தான். படத்தின் தலைப்பு அதையும் ஹூலா என்றே சொல்லும். வேகமான ஆட்டம் மதுக்கடையில் எடுபடும் என்பதால் ஹவாய் ஆட்டக்காரிகளே அதைக் கற்றுக்கொண்டு கடைசி நிமிடத்தில் செருகினார்கள். 'ஆதிகாலத்து' நெருப்புக் கத்தி நடனத்தைப் பார்த்தால் இதையும் நினைத்துக்கொள்ளுங்கள்: சமோவாவின் கத்தி நடனம் பழையது, அதன் முனைகளில் நெருப்பு வைத்தது 1946இல், சான் பிரான்சிஸ்கோவில், ஃப்ரெடி லெட்டூலி என்ற சமோவா இளைஞர். அங்கே நெருப்பு விழுங்கும் இந்தியர் ஒருவரைப் பார்த்து அந்த யோசனை வந்ததாக அவரே சொல்லியிருக்கிறார்.

தீவு என்றதும் பசிபிக்கோடு நின்றுவிடக் கூடாது. கரீபியன் கடலில் உள்ள டிரினிடாடும் இந்தப் பனோரம் பெட்டிக்குள் வந்தது. பெரில் மெக்பர்னி என்ற டிரினிடாட் ஆசிரியை 1938இல் நியூயார்க்கில் படிக்க வந்தார். லா பெல் ரோசெட் என்ற மேடைப் பெயரில் தன் தீவின் நாட்டார் ஆட்டங்களை அங்கே ஆடினார். அந்தத் தீவின் கலிப்சோ என்ற பாட்டு வகையைப் பாடும் சாம் மானிங்கோடு சவுண்டீஸிலும் தோன்றினார். ஹவாய்ப் படங்களுக்கும் இவற்றுக்கும் உள்ள வித்தியாசம் உடனே தெரியும். இங்கே பெண் நிலவைப் பார்த்துக் காத்திருக்கவில்லை. பாட்டில் வம்பும் சண்டையும் கேலியும் இருக்கின்றன, பாடுபவனுக்கு ஆடுபவள் பதிலடி கொடுக்கிறாள். நேர் எதிரே நிற்கும் ஆளைப் பார்த்து ஆடும் ஆட்டம் அது. மெக்பர்னி ஊர் திரும்பி 1948இல் போர்ட் ஆஃப் ஸ்பெயினில் லிட்டில் கரீப் தியேட்டரை நிறுவினார். டிரினிடாடின் நாட்டார் நடனம் தனக்கென்று ஒரு நிலையான மேடை பெற்றது அங்கேதான். நியூயார்க் காமிரா அவரை ஒரு கவர்ச்சிப் பாட்டுக்காகக் கூப்பிட்டது. அவர் தன் தேசத்தின் நடனத்தைச் சேர்த்து வைத்துக்கொண்டிருந்தவர்.

தென்னையும் புல் பாவாடையும் வரும் அந்தக் காட்சி 1940களில் குறையாமல் பெருகியதற்குப் போரும் ஒரு காரணம். 1941 டிசம்பர் 7 பேர்ல் துறைமுகத் தாக்குதலுக்குப் பிறகு ஹவாய் தினமும் செய்தியில் இருந்தது. லட்சக்கணக்கான சிப்பாய்கள் அந்த வழியாகப் போனார்கள். அவர்கள் விட்டுச் சென்ற மதுக்கடைகளில் தீவுப் பாட்டுகளுக்கு ஆள் சேர்ந்தது. அதே போரின் பொருள் தட்டுப்பாட்டால் புதிய பனோரம் பெட்டிகள் செய்வது நின்றுபோனது. 1947க்குள் சவுண்டீஸ் தொழில் முடிந்தது, தொலைக்காட்சி வந்துவிட்டது. படங்களை வீட்டுக் கருவிகளுக்கான சுருள்களாக விற்றார்கள். நாம் இன்று பார்ப்பவற்றில் பல அப்படிப் பிழைத்தவை. தீவிலோ, கோடாக் நிறுவனம் 1937இல் பயணிகள் பகல் வெளிச்சத்தில் படம் எடுக்கட்டும் என்று தொடங்கிய ஹூலா காட்சி 2002 வரை நடந்தது. இன்னொரு பக்கம் 1960களில் ஹிலோ ஊரில் கலாகவுவாவின் பெயரால் மெர்ரி மோனார்க் விழா தொடங்கியது. 1971 முதல் அங்கே ஹூலாப் போட்டியும் நடக்கிறது, பழைய ஓதல் முறைக்குத் தனிப் பிரிவோடு.

பார்க்கத் தொடங்குபவர்களுக்கு நான் சொல்லும் முறை இது. முதலில் மெர்ரி மோனார்க் விழாவின் பழைய பாணி ஹூலா ஒன்றை முழுதாகப் பாருங்கள், கண் பழகட்டும். பிறகு மிரியின் கார்ட்டூனைப் பாருங்கள். அதன்பின் சவுண்டீஸுக்கு வாருங்கள். ஒவ்வொன்றையும் இரண்டு முறை பார்க்க வேண்டும், மூன்று நிமிடம்தானே. முதல் தடவை பாட்டோடு. இரண்டாம் தடவை ஒலியை நிறுத்திவிட்டு, நடுவில் நிற்கும் பாடகியையும் தென்னையையும் விட்டுவிட்டு, வரிசையின் ஓரத்தில் நிற்பவர்களின் கையை மட்டும் தொடருங்கள். நட்சத்திரத்தை அழகுக்காக நடுவில் நிறுத்துவார்கள். ஆட்டம் தெரிந்தவரைப் பெரும்பாலும் ஓரத்தில்தான் நிறுத்தியிருப்பார்கள்.